இசாவோ தகஹாட்டா

இசாவோ தகஹாட்டா (29 அக்டோபர் 1935 – 5 ஏப்ரல் 2018) ஜப்பானிய அனிமேஷன் திரைப்பட இயக்குநர். ஹயாவோ மியசாகி, தோஷியோ சுசூகி ஆகியோருடன் 1985இல் ஸ்டுடியோ ஜிப்லியை நிறுவியவர். ஓவியர்களே இயக்குநர்களாக உயரும் துறையில், தன் கையால் படம் வரையாமலே அரை நூற்றாண்டு இயக்கியது இவருடைய தனித்தன்மை. ஒவ்வொரு படத்துக்கும் வெவ்வேறு ஓவியர்களின் கையை நம்பியதால், இவருக்கென்று ஒரே கோட்டுப் பாணி அமையவில்லை.

தொடக்கம்

மியே மாகாணத்தில் பிறந்து ஒகயாமாவில் வளர்ந்தார். 1945 ஜூன் 29 அன்று அந்நகர் மீது அமெரிக்க விமானங்கள் குண்டு பொழிந்தபோது ஒன்பது வயதில் உயிர் தப்பினார். டோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் படித்தவரை, பால் கிரிமோவின் பிரெஞ்சுப் படமே அனிமேஷன் பக்கம் இழுத்தது. 1959இல் தோயே அனிமேஷன் நிறுவனத்தில் சேர்ந்தார். முதல் படமான ‘ஹோருஸ்’ (1968) மூன்றாண்டு இழுத்தடித்து வெளிவந்து, வசூலில் தோற்றது. 1971இல் தோயேயிலிருந்து விலகினார்.

அன்றாடத்தின் அழகு

தொலைக்காட்சித் தொடரான ‘ஹைடி’க்காக (1974) இவரது குழு சுவிட்சர்லாந்துக்கே போய் மலையையும் குடிசையையும் பார்த்து வந்தது. சிறுமி ரொட்டி தின்பதும் ஆடு மேய்ப்பதும் 52 பகுதிகளுக்குப் போதுமான கதையாயின. ‘மார்கோ’ (1976), ‘ஆன்’ (1979) ஆகிய தொடர்களும் இதே வழியில் நடந்தன.

அகியுகி நொசாகாவின் சிறுகதையிலிருந்து உருவான ‘மின்மினிகளின் கல்லறை’, போரில் தாயை இழந்த அண்ணன் தங்கை இருவரைக் கோபே நகரில் பின்தொடர்கிறது. 1988 ஏப்ரல் 16 அன்று மியசாகியின் ‘டொடோரோ’வுடன் ஒரே டிக்கெட்டில் திரையிடப்பட்டது. வேலை முடியாததால் சில காட்சிகள் வண்ணம் தீட்டப்படாமலே திரைக்கு வந்தன. இதைப் போர் எதிர்ப்புப் படம் என்று பிறர் கொண்டாடியபோதெல்லாம் தகஹாட்டா மறுத்தார்.

‘நேற்று மட்டும்’ (1991) படத்தில் பெரியவர்களின் வசனத்தை முதலில் பதிவுசெய்து, உதடும் கன்னத் தசையும் அசைவதற்கேற்ப வரையச் சொன்னார். பெண்ணொருத்தி சிரித்தால் கன்னத்தில் கோடு விழும்; அனிமேஷனில் அது அரிது.

பிற்காலம்

‘யமாடா குடும்பம்’ (1999) ஜிப்லியின் முதல் முழு டிஜிட்டல் படம். கணினியில் உருவானாலும் தோற்றம் நீர்வண்ணக் கேலிச்சித்திரம்தான். ஜப்பானின் 12ஆம் நூற்றாண்டுச் சுருளோவியங்களை அனிமேஷனின் முன்னோடிகளாகக் கண்டு ஒரு நூலும் எழுதினார்.

அந்த ஈடுபாடு ‘இளவரசி ககுயா’வில் (2013) முழுமையாகத் தெரிகிறது. மூங்கிலில் பிறந்த பெண்ணைப் பற்றிய பழங்கதை. ஓவியர் ஒசாமு தனாபேயின் கரிக்கோடு, ஓரங்களில் வெற்றுத் தாள். நாயகி மாளிகையிலிருந்து தப்பி ஓடும் காட்சியில் கோடுகளே கிறுக்கலாகச் சிதறுகின்றன. எட்டு ஆண்டுகளும் ஏறத்தாழ 500 கோடி யென்னும் விழுங்கிய இப்படம் ஆஸ்கர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

கடைசியாக, மிக்கேல் டுடோக் டெ விட் இயக்கிய ‘சிவப்பு ஆமை’யின் (2016) கலைத் தயாரிப்பாளராக இருந்தார்.