கித்தான் எகிறிய கதை

காரில் ஹாரன் அடிக்கவில்லை. டேஷ்போர்டில், உட்கார்ந்திருக்கும் ஆளின் முன்னால் பந்து வைத்தது போன்ற சிவப்பு ஏர்பேக் விளக்கு மட்டும் அணையாமல் எரிந்தது. வேம்பாரிலிருந்து சாயல்குடி போகும் கிழக்குக் கடற்கரைச் சாலையின் ஓரத்தில், வேப்ப மர நிழலில் இருக்கும் பட்டறையில் வண்டியை விட்டேன். மெக்கானிக் தம்பி முதலில் முன்சக்கரங்கள் நேராக நிற்கின்றனவா என்று பார்த்தார். சாவியை எடுத்தார். பானட்டைத் திறந்து பேட்டரியின் நெகட்டிவ் வயரைக் கழற்றி, மறுபடி பட்டுவிடாதபடி பழைய துணியைச் சுற்றி ஓரமாக ஒதுக்கினார். பிறகு கையைத் துடைத்துக்கொண்டு, "வாங்க அண்ணாச்சி, ஒரு டீ குடிச்சிட்டு வருவோம்" என்றார்.

"வேலைய முடிச்சிட்டுக் குடிப்பமே தம்பி."

"இதுதான் வேலை. பத்து நிமிசம் சும்மா இருக்கதுதான் இதுல மொத வேலை."

அம்பாசிடர் காலத்து ஆளான எனக்கு இது புதிது. அப்போதெல்லாம் நடுவிலுள்ள ஹாரன் பட்டனை நெம்பி எடுத்து, நட்டைக் கழற்றி, இரண்டு கையாலும் ஆட்டி இழுத்தால் ஸ்டீயரிங் கையோடு வந்துவிடும். 2014-ல் உற்பத்தி நிற்கும்வரை அந்த வண்டிக்கு ஏர்பேக், அதாவது மோதினால் விரிந்து ஆளைக் காக்கும் காற்றுப் பை, வந்ததே இல்லை. இன்றைக்கு அதே இடத்தைத் தொடப் பத்து நிமிடம் காத்திருக்க வேண்டியிருக்கிறது. டீக்கடை பெஞ்சில் தம்பி சொன்னதையும், வீட்டுக்கு வந்து நான் தேடிப் படித்ததையும் சேர்த்துப் பார்த்தபோது ஒன்று பிடிபட்டது. ஏர்பேக்கைக் கழற்றும்போது பார்க்கிற பக்குவம் ஒவ்வொன்றும் அது பிறந்து வளர்ந்த கதையிலிருந்து வந்தது.

கதை தொடங்குவது அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில், நியூபோர்ட் என்ற சிற்றூரில். 1952 வசந்த காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஜான் ஹெட்ரிக் என்பவர் மனைவியையும் ஏழு வயது மகளையும் ஏற்றிக்கொண்டு தன் 1948 மாடல் கிரைஸ்லர் விண்ட்சர் காரில் ஊர் சுற்றக் கிளம்பினார். மேடேறி இறங்கும் இடத்தில் சாலை நடுவே ஒரு பெரிய கல். வலப்பக்கம் ஒடித்து பிரேக்கை மிதித்தார். கார் பள்ளத்தில் இறங்கி நின்றது. யாருக்கும் அடியில்லை. ஆனால் பிரேக் பிடித்த அந்தக் கணத்தில் அவருடைய கையும் மனைவியின் கையும் தாமாகவே நீண்டு, நடுவில் இருந்த பிள்ளை டேஷ்போர்டில் மோதாமல் மறித்தன. நம் ஊர் பஸ்ஸில் டிரைவர் திடீரென்று பிரேக் அடித்தால் அம்மாக்களின் கை எங்கே போகிறது என்று பார்த்திருப்பீர்கள்; அதே கைதான். வீட்டுக்கு வந்த ஹெட்ரிக்குக்கு அது மனதை விட்டுப் போகவில்லை. அந்தக் கை செய்ததைச் செய்ய ஒரு பொருளைக் காரிலேயே வைக்க முடியாதா?

அவர் ஒரு தொழில்நுட்ப ஊழியர். போர்க்காலத்தில் கடற்படையில் இருந்தவர். 1944-ல் டார்பிடோ ஒன்றைப் பழுதுபார்த்துக்கொண்டிருந்தபோது நடந்தது அப்போது நினைவுக்கு வந்தது. டார்பிடோவைக் கித்தான் உறை போட்டு மூடியிருந்தார்கள். உள்ளே அடைத்திருந்த அழுத்தக் காற்று தவறிப்போய்த் திறந்துகொண்டது. கண் சிமிட்டும் நேரத்தில் கித்தான் உப்பி, கூரையைப் பார்க்க எகிறியது. தோணிக்குப் பாய் கட்டிய ஊர்க்காரர்களுக்கு, கித்தானுக்குள் காற்று புகுந்தால் என்ன ஆகும் என்று யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ஹெட்ரிக் அதைக் காருக்குள் கொண்டுவந்தார். அழுத்தக் காற்றுக் குடுவை, மோதலை உணரும் ஒரு எடைக்கட்டி, மடித்து வைத்த பை. 1952 ஆகஸ்ட் 5-ல் விண்ணப்பித்தார். 1953 ஆகஸ்ட் 18-ல் காப்புரிமை கிடைத்தது. ஜெர்மனியில் வால்டர் லிண்டரர் என்பவர் இதே யோசனைக்கு 1951-லேயே விண்ணப்பித்து, 1953 நவம்பரில் காப்புரிமை வாங்கினார். ஒருவரைப் பற்றி மற்றவருக்குத் தெரியாது.

பெரிய கார் நிறுவனங்களுக்கு ஹெட்ரிக் எழுதிப் பார்த்தார். பயனில்லை. பதினேழு வருடக் காப்புரிமை 1970-ல் காலாவதியானபோது அவருக்கு அதிலிருந்து ஒரு டாலர்கூட வரவில்லை. கம்பெனிகளை மட்டும் குறை சொல்லியும் புண்ணியமில்லை. யோசனை நன்றாக இருந்தது; காற்றுக்குத்தான் வேகம் போதவில்லை. கார் மோதிய கணத்திலிருந்து ஓட்டுநரின் முகம் ஸ்டீயரிங்கைத் தொடும்வரை இருக்கும் நேரத்துக்குள் மோதலை அறிந்து, பையையும் நிரப்பியாக வேண்டும். நிரப்புவதற்குக் கிடைப்பது, ஒரு நொடியை ஆயிரம் கூறாக்கினால் அதில் ஏறக்குறைய முப்பது கூறு. குடுவையிலிருந்து குழாய் வழியாக வரும் காற்று அதற்குள் வந்து சேராது.

முதலில் தீர்ந்தது 'அறிவது' என்ற பாதி. 1960-களின் இறுதியில் ஆலன் பிரீட் என்ற அமெரிக்கர் ஒரு சிறு குழாய்க்குள் எஃகுக் குண்டு ஒன்றைப் போட்டு, பின்முனையில் காந்தத்தை வைத்தார். சாதாரண பிரேக்குக்குக் காந்தம் குண்டை விடாது. மோதலின் உலுக்கலில் மட்டும் குண்டு பிய்த்துக்கொண்டு முன்னால் ஓடி, இரண்டு தகடுகளைத் தொட்டு மின்சுற்றை மூடும். வேம்பார்க்காரனுக்கு இதைச் சொல்ல சலாபம்தான், அதாவது முத்துக்குளிப்புதான், கைகொடுக்கிறது. முத்துக் குளிக்கக் கீழே போனவர் கயிற்றை அசைத்தாரா, அல்லது நீரோட்டம் அசைத்ததா என்று தோணியில் கயிறு பிடித்தவரின் கை பிரித்தறியும். தவறாக இழுத்தாலும் நஷ்டம், இழுக்காமல் விட்டாலும் நஷ்டம். இந்தக் கரையில் கடைசிச் சலாபம் 1961-ல் முடிந்தது. பிரீட்டின் குண்டு இருந்த இடத்தில் இன்று ஒரு சில்லு இருக்கிறது. கயிறு பிடித்தவருக்கும் அந்தச் சில்லுக்கும் வேலை ஒன்றுதான்.

மறுபாதி, அதாவது நிரப்புவது, தீர்ந்தது நம் சிவகாசிக்காரர்கள் கேட்டால் சிரிக்கும் விதத்தில். காற்றை அடைத்து வைப்பதற்குப் பதில் மருந்தைக் கொளுத்தி வாயுவை உண்டாக்கினார்கள். மெல்லிய கம்பி ஒன்று மின்சாரத்தில் சிவக்கும். அது தொட்டுக்கொண்டிருக்கும் திரிமருந்து பற்றும். அது பெரிய மருந்தைப் பற்றவைக்கும். பல வருடம் பயன்பட்ட மருந்து சோடியம் அசைடு. சூட்டில் சிதைந்து நைட்ரஜன் வாயுவாகக் கொட்டும். பையை நிரப்புவது வெறும் நைட்ரஜன். ஆனால் மூலப்பொருள் கொடிய நஞ்சு. அதனால் பின்னாளில் வேறு மருந்துகளுக்கு மாறினார்கள்.

அதன் பிறகும் வியாபாரம் சட்டென்று சூடுபிடிக்கவில்லை. ஜெனரல் மோட்டார்ஸ் 1974 முதல் 76 வரை சுமார் 10,000 கார்களில் விற்றுப் பார்த்துவிட்டு, வாங்க ஆளில்லை என்று கடையைக் கட்டியது. மெர்சிடிஸ் பென்ஸ் 1971-ல் காப்புரிமைக்கு விண்ணப்பித்து, பத்து வருடம் சோதித்து, 1980-களின் தொடக்கத்தில் எஸ்-கிளாஸ் காரில் கொண்டுவந்தது. 1990 மார்ச் 12-ல் அமெரிக்காவின் வர்ஜீனியாவில் ஏர்பேக் வைத்த இரண்டு கார்கள் நேருக்கு நேர் மோதின. இரண்டு ஓட்டுநர்களும் பிழைத்தார்கள். இரண்டும் கிரைஸ்லர் லெபாரன்; ஹெட்ரிக் அன்று ஓட்டிய காரும் கிரைஸ்லர்தான்.

டீ முடிந்து பட்டறைக்குத் திரும்பினோம். பத்து நிமிடம் எதற்கு என்பது இப்போது விளங்கும். கார் மோதும்போது முதலில் நசுங்கக்கூடிய இடத்தில்தான் பேட்டரி இருக்கிறது. பேட்டரி போனாலும் பை விரிய வேண்டுமே! அதற்காக ஏர்பேக் பெட்டிக்குள் தனியாகக் கொஞ்சம் மின்சாரத்தைச் சேமித்து வைத்திருக்கிறார்கள். வயரைக் கழற்றிய பிறகும் அது கொஞ்ச நேரம் உயிரோடு இருக்கும். சில கம்பெனிகள் 90 வினாடி போதும் என்கின்றன, சில மூன்று நிமிடம், சில இன்னும் அதிகம். "எல்லா வண்டிக்கும் நான் ஒரு டீ" என்றார் தம்பி.

காரின் தகரத்தை ஒருமுறை கையால் தொட்டுக்கொண்டார். உடம்பிலுள்ள நிலைமின்சாரத்தை இறக்கிவிடத்தான். ஸ்டீயரிங்கின் பின்பக்கத்தில் இரு ஓரத்துத் துளைகள் வழியாகத் திருகுகளைத் தளர்த்தினார் (சில வண்டிகளில் திருகு கிடையாது, கிளிப்பை அழுத்த வேண்டும்). நடுமூடி பையோடு முன்னால் வந்தது. பின்னால் மஞ்சள் நிற பிளக். மஞ்சள் நிறம் கண்டால் அது ஏர்பேக் வயர், டெஸ்ட் லைட்டோ மீட்டரோ வைத்துப் பார்க்கக் கூடாது. மீட்டர் விடும் துளி மின்சாரமே அந்தக் கம்பியைச் சிவக்க வைத்துவிடலாம். பிளக்கைப் பிரித்த மறுகணம் உள்ளே இருக்கும் சின்னத் தகடு இரண்டு முனைகளையும் ஒன்றோடொன்று சேர்த்துவிடும். தவறிப்போய் மின்சாரம் வந்தாலும் மருந்து பக்கம் போகாது. விரல்நகம் அளவுள்ள அந்தத் தகட்டை யோசித்த ஆளுக்கு யாரும் விழா எடுத்ததாகத் தெரியவில்லை.

கழற்றிய பையை அவர் தூக்கிப்போன விதம்தான் கண்ணில் நிற்கிறது. மூடியிருக்கும் பக்கம் வெளியே பார்க்க, உடம்பிலிருந்து தள்ளிப் பிடித்துக்கொண்டு போனார். நிழலில் சாக்கு விரித்து, மூடிப்பக்கம் வானம் பார்க்க வைத்தார். மேலே எதையும் வைக்கவில்லை. அப்படியே வெடித்தாலும் பை மேல்நோக்கி விரிந்து அடங்கிவிடும். கவிழ்த்து வைத்திருந்தால் பை தரையை உதைக்கும். இரும்புப் பகுதி ராக்கெட்டாகக் கிளம்பும். ஹெட்ரிக் பார்த்த கித்தானும் மேல்நோக்கித்தான் எகிறியது, நல்லவேளையாக.

அதற்கப்புறம் அம்பாசிடர் காலத்து வேலைதான். நடு நட்டைத் தளர்த்தி, முழுக்க எடுக்காமல் நாலு மரை விட்டு வைத்தார். இறுகிப்போன ஸ்டீயரிங் திடீரென்று கழன்று முகத்தில் அடிக்காமலிருக்க. தண்டிலும் ஸ்டீயரிங்கிலும் ஒரே கோடாகச் சாக்பீஸால் கிழித்தார். ஆட்டி இழுத்ததும் விட்டது. வராவிட்டால் புல்லர் போட வேண்டும், சுத்தியல் ஆகாது. அடியில் இருந்தது ஸ்பைரல் கேபிள், பட்டறைப் பேச்சில் கிளாக் ஸ்பிரிங். ஓலைக் கொழுந்தைச் சுருட்டி டப்பாவுக்குள் வைத்தது போல ஒரு பட்டை வயர். ஸ்டீயரிங் இரண்டு பக்கமும் சுற்றினாலும் வயர் அறாமலிருக்க இந்த ஏற்பாடு. என் வண்டியில் அது அறுந்திருந்தது. ஹாரனும் ஏர்பேக்கும் ஒன்றாகப் போனது அதனால்தான். புதியதை அதன் நடுநிலை மாறாமல் மாட்ட வேண்டும். மாறினால் முதல் யு-டர்னிலேயே மறுபடி அறும்.

பூட்டும்போது வரிசை தலைகீழ். நட்டை டார்க் ரெஞ்ச் வைத்துக் கம்பெனி சொன்ன அளவுக்கு முறுக்கி, மஞ்சள் பிளக்கைச் செருகி, திருகுகளை இறுக்கிய பிறகு கடைசியாகத்தான் பேட்டரி வயர். அப்போது வண்டிக்குள் யாரும் இல்லை. சாவியைத் திருப்பியதும் சிவப்பு விளக்கு சில வினாடி எரிந்து அணைந்தது.

இதையெல்லாம் வீட்டு வாசலில் நாமே செய்யலாமா என்றால், என் பதில்: உங்கள் வண்டிக்கான சர்வீஸ் புத்தகமும், ஏற்கெனவே செய்து பழகிய ஆளும் பக்கத்தில் இருந்தால் பாருங்கள். வெறும் வீடியோவை நம்பி வேண்டாம். பையைப் பிரித்துப் பார்ப்பது யாருக்குமே வேண்டாம்.

கதையில் இருட்டான பக்கங்களும் உண்டு. அமெரிக்காவில் முதலில் வந்த பைகள், பெல்ட் போடாத ஆளையும் தடுக்க வேண்டும் என்று மிக வேகமாக விரியும்படி செய்யப்பட்டவை. 1990 முதல் 2008 வரை, பெரிய மோதல்கூட இல்லாத விபத்துகளில் 290 பேருக்கு மேல் அந்தப் பைகளாலேயே இறந்தார்கள். அவர்களில் பலர் முன்சீட்டில் இருந்த குழந்தைகள். ஒரு குழந்தையை மறித்த கையிலிருந்து பிறந்த பொருள் இது என்பதை நினைத்தால் மனம் கனக்கிறது.

இன்னொன்று ஜப்பானின் டகாட்டா நிறுவனம். 1933-ல் நெசவுத் தொழிலில் தொடங்கி, சீட் பெல்ட் வழியாக ஏர்பேக்குக்கு வந்தவர்கள். செலவு குறைவென்று அம்மோனியம் நைட்ரேட்டை மருந்தாக்கினார்கள். 2020-ல் பெய்ரூட் துறைமுகத்தைத் தகர்த்த அதே சரக்கு. அப்போதுதான் நம் சென்னை மணலியிலும் 700 டன் அளவுக்குக் கிடக்கிறது என்று தெரிந்து பதறினோம். வருடக்கணக்கில் ஈரப்பதமும் வெயிலும் மாறி மாறித் தாக்கினால் இந்த மருந்து உள்ளுக்குள் பொடிந்துபோகும். பொடிந்த மருந்து வேண்டிய வேகத்துக்கு மேல் எரியும். இரும்புக் கூடு சிதறி, காப்பாற்ற வேண்டிய பைக்குள்ளிருந்தே துண்டுகள் பாயும். உலகம் முழுக்க 30 பேருக்கு மேல் இறந்தார்கள், கோடிக்கணக்கான வண்டிகள் திரும்ப அழைக்கப்பட்டன, 2017-ல் நிறுவனம் திவாலானது.

இந்தியாவில் 2019 ஜூலை 1 முதல் ஓட்டுநருக்கும், 2021-22 வாக்கில் பக்கத்து இருக்கைக்கும் ஏர்பேக் கட்டாயமானது. ஆனால் நம் சாலைகளில் அதற்கு முந்தைய வண்டிகளும் கைமாறிக் கைமாறி ஓடுகின்றன. பழைய வண்டி வாங்கும்போது சாவியைத் திருப்பி அந்தச் சிவப்பு விளக்கைப் பாருங்கள். எரிந்து அணைய வேண்டும். எரியவே இல்லையென்றால் பல்பைப் பிடுங்கியிருக்கலாம். பை இல்லாத இடத்தில் ரெசிஸ்டர் ஒன்றைச் செருகி விளக்கை ஏமாற்றுகிறவர்களும் உண்டு, ஆகவே தெரிந்த மெக்கானிக்கிடம் ஒருமுறை காட்டுங்கள். பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு ஓட்டாதீர்கள். ஸ்டீயரிங்குக்கும் உங்கள் நெஞ்சுக்கும் நடுவே பத்து அங்குலத்துக்குக் குறையாத இடைவெளி வேண்டும். காயலான் கடைக்கு வண்டியைப் போடும்போது, வெடிக்காத பை உள்ளே இருக்கிறது என்று கடைக்காரரிடம் வாய்விட்டுச் சொல்லுங்கள்.

வெயிலும் ஈரமும் சேர்ந்தே அடிக்கும் கடற்கரையில் பத்துப் பதினைந்து வருடம் பழகிய கார் உங்களுடையது என்றால், ஆர்சி புத்தகத்திலிருக்கும் சேசிஸ் எண்ணை வைத்துக்கொண்டு கம்பெனி ஷோரூமுக்கு ஒரு போன் போடுங்கள். திரும்ப அழைத்த பட்டியலில் உங்கள் வண்டி இருந்தால், பையைக் காசு வாங்காமல் மாற்றித் தருவார்கள்.