சாவகச்சேரி வரை

கொழும்பு யாழ்ப்பாணத்திலிருந்து எத்தனை மைல் என்று குடாநாட்டில் யாரும் கேட்பதில்லை. எத்தனை மணித்தியாலம் என்றுதான் கேட்பார்கள். தூரம் என்றும் ஒன்றுதான், சுமார் 400 கிலோமீற்றர். மணித்தியாலக் கணக்குத்தான் தலைமுறைக்குத் தலைமுறை மாறியது. பாட்டன் காலத்தில் பதின்மூன்றரை, தகப்பன் காலத்தில் ஏழு, மகன் காலத்தில் நாட்கணக்கு. இந்த மூன்று எண்களையும் வரிசையாக வைத்தால் அதுவே யாழ்ப்பாணத்து இயந்திரங்களின் வரலாறு.

முதல் ரயில் ஓடியது கொழும்புக்கு அல்ல. 1902 மார்ச் 11ஆம் திகதி காங்கேசன்துறையில் புறப்பட்ட வண்டி சாவகச்சேரியோடு நின்றுவிட்டது. நாட்டின் மற்றப் பாதைகள் எதனோடும் தொடர்பில்லாமல், சுமார் இருபது மைல் நீளத்துக்கு, தெல்லிப்பழை, சுன்னாகம், கோண்டாவில், யாழ்ப்பாணம், நாவற்குழி என்று குடாநாட்டுக்குள்ளேயே ஓடிய தனித்துண்டு அது. ஆனையிறவையும் வன்னிக் காட்டையும் தாண்டிப் பாதை பூர்த்தியாகி, கொழும்பிலிருந்து யாழ்ப்பாணத்துக்கு நேராக வண்டி வந்த நாள் 1905 ஓகஸ்ட் 1. பயண நேரம் 13 மணித்தியாலம் 20 நிமிடம்.

வகுத்துப் பார்த்தால் மணிக்கு 30 கிலோமீற்றர். அதற்கு இரண்டு வருடங்களுக்கு முன்பே, 1903 ஒக்ரோபரில், பெர்லினுக்குத் தெற்கே மரியன்பெல்டிலிருந்து சொசன் வரையான சோதனைப் பாதையில் ஒரு மின்சார வண்டி மணிக்கு 210 கிலோமீற்றரைத் தொட்டிருந்தது. உலகத்தின் அதிவேகம் அது. ஆனாலும் அந்தச் செய்தியால் சாவகச்சேரி ஸ்ரேசனில் கூடி நின்றவர்களின் வியப்பு குறைந்திருக்காது. மாட்டு வண்டியில் வன்னிக் காட்டுப் பாதையால் போனால் காய்ச்சல் பிடிக்கும், கடலால் போனால் காற்றை நம்பவேண்டும் என்று வாழ்ந்தவர்கள் அவர்கள். இரவு ஏறினால் காலையில் கொழும்பு என்பது அவர்களுக்கு ஏழுகடல் தாண்டிய வேகம்.

அதற்கு அவர்கள் வைத்த பெயர் கோச்சி. எழுதும்போது புகையிரதம், பேசும்போது கோச்சி. அந்தக் கோச்சி குடாநாட்டின் குடும்பத்தையே மாற்றி அமைத்தது. மண் வளமாக இருந்தும் காணி சிறிது, வருடம் முழுவதும் ஓடும் ஆறு இல்லை, கிணற்றுத் தண்ணீரை இறைத்துத்தான் தோட்டம். படித்த பிள்ளைக்குக் கொழும்பில் உத்தியோகம் கிடைத்தால் வீடு நிமிரும். மனைவி பிள்ளைகள் ஊரிலும், கிளாக்கர் கொழும்பில் அறையிலும் வாழ, நடுவே ரயில் ஓடியது. மாதம் பிறந்தால் மணியோடர் வடக்கே வந்தது. கறுத்தக்கொழும்பான் மாம்பழமும் பனாட்டும் முருங்கைக்காயும் தெற்கே போயின. 'மணியோடர் பொருளாதாரம்' என்று பின்னாளில் ஆய்வாளர்கள் பெயர் வைத்த வாழ்க்கையின் அச்சாணி அந்தத் தண்டவாளம்தான்.

வானத்திலும் குடாநாடு பிந்தி நிற்கவில்லை. 1947 டிசம்பர் 10ஆம் திகதி எயார் சிலோன் நிறுவனத்தின் முதல் பயணிகள் விமானம் இரத்மலானையில் எழும்பி, காங்கேசன்துறைப் பக்கத்து ஓடுதளத்தில் இறங்கி, அங்கிருந்து சென்னைக்குப் பறந்தது. இரண்டாம் உலக யுத்த காலத்தில் பிரித்தானிய விமானப்படை அமைத்த பலாலி ஓடுதளம் அது. 'சீதா தேவி' என்று பெயரிட்ட டக்கோட்டா விமானம், மணிக்கு 250 கிலோமீற்றருக்கு மேல் போகக்கூடியது. நாட்டின் சொந்த விமான நிறுவனத்தின் சேவை யாழ்ப்பாணத்தைத் தொட்டுக்கொண்டுதான் தொடங்கியது என்பதை இன்று பலர் மறந்துவிட்டார்கள்.

சாதாரண சனத்தின் தேவி வேறொருத்தி. 1956 ஏப்ரல் 23ஆம் திகதி யாழ்தேவி ஓடத் தொடங்கினாள். காலையில் ஏறினால் பின்னேரம் ஊர். ஏழு மணித்தியாலம் என்ற கணக்கு அவளோடு வந்தது. நீராவி எஞ்சின்களின் காலம் முடிந்துகொண்டிருந்த நேரம். கொழும்புத் திட்டத்தின் கீழ் கனடா அன்பளிப்பாகத் தந்த டீசல் எஞ்சின்கள் 1954 முதல் வந்து சேர்ந்தன. சுமார் 1400 குதிரைவலு கொண்ட அந்த எஞ்சின்களுக்குக் கனடிய மாகாணங்களின் பெயரையே சூட்டினார்கள். முதலாவதின் பெயர் ஒன்ராறியோ. அடுத்து அல்பேர்ட்டா, சஸ்கற்சுவான், பிரிட்டிஷ் கொலம்பியா. கோண்டாவிலிலும் கொடிகாமத்திலும் தண்டவாளத்தருகே நின்று எஞ்சினின் நெற்றியில் அந்தப் பெயர்களை எழுத்துக் கூட்டி வாசித்த பிள்ளைகள் இருந்தார்கள். முப்பது வருடங்களுக்குப் பிறகு அதே ஊர்களின் பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் போய்க் குடியேறியது ஒன்ராறியோ மாகாணத்தில்.

அதன் பிறகு எண்கள் திரும்பி நடந்தன. 1985 சனவரியில் முறிகண்டிப் பகுதியில் யாழ்தேவி குண்டுத் தாக்குதலுக்கு உள்ளானாள். 1990 யூனில் உள்நாட்டு யுத்தம் மீண்டும் மூண்டபோது வடக்கு ரயில் அடியோடு நின்றது. தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பதுங்குகுழிகளுக்குப் போயின. 85 வருடம் கோச்சி ஓடிய மேட்டில் பற்றை முளைத்தது. மின்சாரம் அறுந்தது. பெற்றோல், டீசல், பற்றரி, சீமெந்து, உரம் என்று நீண்ட தடைப்பட்டியல் வந்தது. அந்த நேரத்தில்தான் யாழ்ப்பாணத்துக் கராச்சுகள் தங்கள் வாழ்நாளின் மிகப் பெரிய வேலையைச் செய்தன.

குடாநாட்டில் ஐம்பதுகளில் இறக்குமதியான ஒஸ்ரின் கார்கள் நிறைய இருந்தன. ஏ40 என்ற ரகம் பெயரிலேயே தன் வலுவைச் சொல்லும். 1200 சிசி எஞ்சின், 40 குதிரைவலு. எழுபதுகளில் இறக்குமதிக் கட்டுப்பாடு வந்து புதுக் கார் கனவானபோது, இருந்ததைப் பழுது பார்த்து ஓட்டுவதே வழக்கமாயிற்று. ஹயறிங்குக்கு ஓடியதும், கலியாண மாப்பிள்ளை ஏறியதும், பிரசவத்துக்குக் கொண்டு ஓடியதும் ஒஸ்ரினும் மொறிஸ் மைனரும்தான். பெற்றோல் இல்லை என்றானதும் இந்தக் கார்கள் மண்ணெண்ணெய்க்கு மாறின.

இது கண்மூடித்தனமான துணிச்சல் அல்ல, எஞ்சினின் குணம் அறிந்து செய்த காரியம். பெற்றோல் குளிரிலேயே ஆவியாகும், மண்ணெண்ணெய்க்குச் சூடு வேண்டும். ஆகவே சிறு போத்தலில் பத்திரப்படுத்திய பெற்றோலில் கொஞ்சத்தைக் காபுரேற்றருக்கு விட்டு ஸ்ரார்ட் பண்ணுவார்கள். எஞ்சின் சூடேறியதும் மண்ணெண்ணெயைத் திறந்துவிடுவார்கள். ஒஸ்ரினில் கலவை உள்ளே போகும் குழாயும் புகை வெளியேறும் குழாயும் எஞ்சினின் ஒரே பக்கத்தில் ஒட்டியிருந்ததால், புகையின் சூடே மண்ணெண்ணெயை ஆவியாக்க உதவியது. அமுக்க விகிதமும் ஏழை ஒட்டியே இருந்தது. அதிக அமுக்கத்தில் வேலை செய்யும் புதிய கார்கள் மண்ணெண்ணெயில் 'நொக்' அடித்துப் பிஸ்ரனைக் கெடுத்துக்கொள்ளும். பழைய ஒஸ்ரினின் மந்தகுணம் இங்கே அதற்குக் கைகொடுத்தது.

இங்கிலாந்தின் வயல்களிலும் ஒரு காலத்தில் இதே முறை இருந்தது. பெற்றோலில் தொடங்கி, சூடேறிய பின் மண்ணெண்ணெய் வகை எரிபொருளுக்கு மாறும் உழவு இயந்திரங்களைப் பெர்குசன் போன்ற நிறுவனங்கள் அதற்கென்றே செய்து விற்றன. தொழிற்சாலை திட்டமிட்டுச் செய்ததை யாழ்ப்பாணத்தில் ஸ்பனரும் ரியூப்பும் வைத்திருந்தவர்கள் மரநிழலில் நின்று செய்தார்கள். அதற்கான விலையையும் கொடுத்தார்கள். எரியாத மண்ணெண்ணெய் பிஸ்ரன் வளையத்தைத் தாண்டிக் கீழே வடிந்து எஞ்சின் ஒயிலைத் தண்ணியாக்கும், பிளக்கில் கரி படியும். ஏற்றத்தில் இழுக்காது, ஆனால் யாழ்ப்பாணத்தில் ஏற்றம் ஏது? அந்தக் கார் போன பிறகும் ஒழுங்கையில் நின்ற புகையின் மணமும் கண்ணெரிச்சலும் அக்காலத்தில் வாழ்ந்தவர்களின் நினைவில் இன்றும் இருக்கின்றன.

அந்த மண்ணெண்ணெயும் தாராளமாகக் கிடைக்கவில்லை. காருக்குப் போன ஒவ்வொரு போத்தலும் ஒரு வீட்டு விளக்குக்குப் போயிருக்கக்கூடியது. எண்ணெயைச் சேமிக்க வந்ததுதான் ஜாம் போத்தல் விளக்கு: போத்தலின் அடியில் கொஞ்சம் பஞ்சு, அதில் கொஞ்ச எண்ணெய், ஒரு திரி. அந்த வெளிச்சத்தில் படித்துப் பிள்ளைகள் பரீட்சை எழுதினார்கள். வானொலிக்குப் பற்றரி இல்லாத வீடுகளில் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, ஒருவர் பெடலைச் சுற்ற, சில்லில் உரசிய தைனமோ தந்த மின்சாரத்தில் மற்றவர்கள் பிபிசி தமிழோசை கேட்டார்கள். ஒரு முன்விளக்கை எரிக்க மட்டும் செய்த கருவி அது. சுற்றுகிறவர் களைத்தால் செய்தியும் களைத்துவிடும்.

கொழும்புக்குப் போகவேண்டியவர்களுக்கு ஆனையிறவும் அடைபட்டிருந்தது. கிளாலிக்குப் போய், இருட்டிய பின், எஞ்சின் பூட்டிய ஒரு படகு மற்றப் படகுகளைத் தொடுத்து இழுத்துச்செல்ல, கடல்நீரேரியைக் கடந்து அக்கரை சேர்ந்தார்கள். அந்த நீரேரியில் பயணிகள் பலர் கொல்லப்பட்டார்கள். உயிரோடு கரையேறியவர்களுக்கு அதன் பிறகும் வன்னிப் பாதையும் சோதனைச் சாவடிகளும் மிச்சமிருந்தன. ஏழு மணித்தியாலம் நாட்கணக்கானது அப்படித்தான்.

1995 ஒக்ரோபர் 30ஆம் திகதி இரவு எந்த இயந்திரத்தாலும் பயனில்லாமல் போனது. வலிகாமத்தை விட்டு வெளியேறும்படி அறிவிப்பு வர, இலட்சக்கணக்கான சனம் செம்மணி வெளியாலும் நாவற்குழிப் பாலத்தாலும் தென்மராட்சிக்கு நகர்ந்தது. மழை வேறு. ஒஸ்ரின், லொறி, உழவு இயந்திரம், மாட்டு வண்டி எல்லாம் ஒரே நெரிசலில், ஒரே வேகத்தில். வயதானவர்களைச் சைக்கிள் கரியரில் இருத்தித் தள்ளிக்கொண்டு போனார்கள். நகரத்திலிருந்து சாவகச்சேரி பத்து மைல் அளவில். 1902இல் முதல் கோச்சி ஓடிச் சேர்ந்த அதே ஊருக்கு, பலர் இரவு முழுவதும் நடந்து, விடிந்த பிறகும் போய்ச் சேரவில்லை.

யுத்தம் முடிந்து ஐந்து வருடங்களுக்குப் பிறகு, இந்தியாவின் இர்கோன் நிறுவனம் போட்ட புதுத் தண்டவாளத்தில் 2014 ஒக்ரோபர் 13ஆம் திகதி யாழ்தேவி மீண்டும் யாழ்ப்பாணம் வந்தாள். 2015 சனவரி 2ஆம் திகதி காங்கேசன்துறை வரை பாதை திறந்தது. மணிக்கு 120 கிலோமீற்றர் வேகத்தைத் தாங்கும்படி அமைத்த பாதை. நாட்டின் மற்றப் பாதைகளில் பெரும்பாலானவை அந்த வேகத்தைக் கண்டதில்லை.

நகரத்தில் இன்றும் சில ஒஸ்ரின்கள் ஓடுகின்றன, இப்போது பெற்றோலில். ஸ்ரேசனில் புறப்படும் ரயில் புங்கன்குளம் தாண்டி, உப்புக்காற்று அடிக்கும் வெளியில் இறங்கி, நாவற்குழிப் பாலத்தைச் சில விநாடிகளில் கடக்கிறது. பாலம் வரும்போது பெட்டியில் வயதானவர்கள் சிலர் பேச்சை நிறுத்திவிட்டு யன்னல் பக்கம் திரும்புகிறார்கள். அரை மணித்தியாலத்துக்குள் சாவகச்சேரி வந்துவிடுகிறது.