கமேல், கெயோர்க் யோசப் (1661–1706)

மருந்தாளர், தாவர ஆய்வாளர், இயேசு சபைத் துறவுச் சகோதரர். தேயிலைச் செடியின் அறிவியல் பெயரான 'கமெலியா சினென்சிஸ்' என்பதில் முதல் சொல் இவர் பெயரிலிருந்து வந்தது. மலேசியாவின் கேமரன் மலையில் கம்போங் ராஜா முதல் ரிங்லெட் வரை கொழுந்து பறிக்கிறவர்கள் நாள்தோறும் கைவைக்கும் செடி இவர் பெயரைத்தான் தாங்கி நிற்கிறது. ஆயினும் தேயிலை ஆய்வுக்காக இவருக்குக் கிடைத்த பெருமை அல்ல அது. இவருடைய குறிப்புகள் உலகுக்குத் தெரியவந்ததில் சென்னைப்பட்டணத்துக்கு நல்ல பங்கு உண்டு.

வாழ்க்கை

இன்றைய செக் குடியரசில் உள்ள பிர்னோ நகரில் பிறந்தவர். 1682இல் இயேசு சபையில் சேர்ந்தார். குருப்பட்டம் பெறாத சகோதரராகவே கடைசிவரை இருந்தார். 1688இல் மணிலா வந்து அங்கே சபையின் மருந்தகத்தை நடத்தினார். ஐரோப்பிய மருந்துச் சரக்கு இரண்டு பெருங்கடல் தாண்டி வந்து சேர வேண்டிய காலம். கைக்கெட்டும் தூரத்தில் முளைப்பது எது, அது எந்த நோய்க்கு ஆகும் என்று ஊராரிடம் கேட்டுத் தெரிந்துகொள்வதைத் தவிர மருந்தாளருக்கு வேறு வழியில்லை. இவருடைய ஆர்வம் அங்கிருந்துதான் தொடங்கியது. நம்மூர் எட்டியின் இனமான 'இஞ்ஞாசியார் கொட்டை'யைப் பற்றி இவர் எழுதியது 1699இல் இலண்டன் ராயல் சொசைட்டியின் 'பிலசாபிகல் டிரான்சாக்சன்ஸ்' இதழில் வெளிவந்தது. லூசோன் தீவுத் தாவரங்களைப் பற்றிய பெருந்தொகுப்பு, ஆங்கிலேயத் தாவரவியலாளர் ஜான் ரே எழுதிய 'ஹிஸ்டோரியா பிளாண்டாரும்' நூலின் மூன்றாம் தொகுதியில் (1704) பின்னிணைப்பாக வந்தது. கமேல் கைப்பட வரைந்த படங்கள் மட்டும் அதில் அச்சேறவில்லை. 1706இல் மணிலாவில் இறந்தார்.

மதராஸ் மருத்துவர்கள்

ஸ்பானியர் ஆண்ட மணிலாவில் ஆங்கிலேயக் கப்பல் நுழையத் தடை இருந்தது. ஆகவே மதராஸ் வணிகர்கள் ஆர்மீனியர் பெயரிலும் முஸ்லிம் வணிகர் பெயரிலும் கப்பல் அனுப்பினார்கள். துணிமூட்டை போன அந்த வழியில்தான் கமேலின் கடிதங்களும் செடிப் பொதிகளும் மதராஸ் வந்து, இலண்டனுக்குக் கப்பலேறின. மதராஸில் அவற்றை வாங்கியவர்கள் புனித ஜார்ஜ் கோட்டையின் அறுவை மருத்துவர்கள் இருவர்: சாமுவேல் பிரவுன் (இறப்பு 1698), எட்வர்ட் பல்க்லி (இறப்பு 1714).

பிரவுன் பெயர் மருத்துவ வரலாற்றில் வேறு காரணத்துக்காக நிலைத்துவிட்டது. 1693இல் ஆட்சிக்குழு உறுப்பினர் ஜேம்ஸ் வீலருக்கு முத்துப்பொடி கொடுக்கச் சொன்னார். அதை இடித்த கல்லுரலில் அதற்குமுன் பாஷாணம் இடித்திருக்கிறார்கள். உரல் சரியாகக் கழுவப்படவில்லை. வீலர் இறந்துபோனார். நடந்ததை ஒளிக்காமல் ஆளுநருக்குப் பிரவுனே எழுதித் தெரிவித்தார்; விசாரணையில் விடுதலையும் ஆனார். உடலை அறுத்துப் பார்த்தவர் பல்க்லி. ஆங்கிலேயர் ஆட்சியிலிருந்த இந்தியப் பகுதிகளில் பதிவான முதல் பிரேதப் பரிசோதனை அதுவே.

இவர்களுடைய சேகரிப்பு பெரிது. பிரவுன் காகிதத்துக்கிடையே வைத்து உலர்த்திய செடிகள் தொகுதி தொகுதியாகக் கட்டி அனுப்பப்பட்டன. கிழக்கிந்தியக் கம்பெனி அவற்றை ராயல் சொசைட்டிக்குக் கொடுத்தது. இலண்டன் மருந்துக்கடைக்காரர் ஜேம்ஸ் பெட்டிவர் அவற்றை ஆராய்ந்து 1698 முதல் 1703 வரை தொடராக வெளியிட்டார். பல்க்லி அனுப்பிய மதராஸ் பறவைப் படங்கள் ரேயின் பறவை நூலில் (1713) சேர்ந்தன. முசுமுசுக்கையின் அறிவியல் பெயரில் இன்றும் 'மதராசபட்டானஸ்' என்று பட்டணத்தின் பழைய பெயர் ஒட்டிக்கொண்டிருக்கிறது. சளி பிடித்தால் அடைமாவில் அரைத்துச் சேர்க்கும் சொரசொரப்பான இலைக் கொடிதான் அது.

தமிழ்ப் பெயர்களும் வகைப்பாடும்

பெட்டிவரின் கட்டுரைகளில் செடிகளுக்கு 'மலபார்' பெயர்கள் என்று தரப்பட்டிருப்பவை தமிழ்ப் பெயர்களே. அக்கால ஐரோப்பியர் தமிழை அப்படித்தான் அழைத்தனர். ஒரு செடியின் பெயரும் அதன் மருத்துவக் குணமும் சேர்ந்தே எழுதப்பட்டிருப்பதால், பெயர் சொன்ன மதராஸ்காரர் பச்சிலை அறிந்தவர் என்பதில் ஐயமில்லை. மரம், செடி, கொடி, பூண்டு என்று முடியும் தமிழ்ப் பெயரே பாதி வகைப்பாட்டைச் செய்துவிடுகிறது. இலண்டனில் மேசைமேல் கிடந்த காய்ந்த துண்டை மட்டும் பார்த்து அது கொடியா மரமா என்று எவராலும் எளிதில் சொல்லிவிட முடியாது.

ரே செய்த பெரிய காரியம், முளைக்கும்போது விதையிலை ஒன்றா இரண்டா என்று பார்த்துத் தாவரங்களைப் பிரித்தது. தமிழ் வாசகருக்கு இது முற்றிலும் புதிய செய்தியாகத் தோன்றாது. தொல்காப்பிய மரபியல், வெளியே வைரம் பாய்ந்தவற்றைப் 'புல்' என்றும் உள்ளே வைரம் பாய்ந்தவற்றை 'மரம்' என்றும் பிரிக்கிறது. பனை, தென்னை, மூங்கில் எல்லாம் அந்தக் கணக்கில் புல். ரேயின் கணக்கிலும் அவை புல்லோடுதான் சேரும். வழி வேறு, போய்ச் சேர்ந்த இடம் ஏறத்தாழ ஒன்று.

எனினும் அச்சான கட்டுரைகளின் தலைப்பில் பிரவுன் பெயரும் பெட்டிவர் பெயருமே உள்ளன. கமேல் பெயரைச் செடிக்குச் சூட்டத் தாவரவியலாளர் லின்னேயஸ் கிடைத்தார். செடியைப் பறித்துப் பெயர் சொல்லிக் கொடுத்த மதராஸ்காரருக்கு அப்படி யாரும் கிடைக்கவில்லை.

பெயர் சூட்டல்

லின்னேயஸ் 1753இல் வெளியிட்ட 'ஸ்பீசிஸ் பிளாண்டாரும்' நூலில், ஜப்பானிய அலங்காரப் பூச்செடி ஒன்றுக்கு 'கமெலியா ஜபோனிகா' என்றும் தேயிலைக்குத் 'தேயா சினென்சிஸ்' என்றும் தனித்தனியே பெயரிட்டார். கமேல் நினைவாக வைத்த பெயர் என்பது உண்மை. அந்தப் பூச்செடியைக் கண்டறிந்தவர் கமேல் என்று சில நூல்கள் எழுதுவது தவறு. பூவின் அமைப்பில் இரண்டும் ஒரே பேரினம் என்ற முடிவின்படி, 1887இல் தாவரவியலாளர் ஓட்டோ குன்ட்சே தேயிலையை 'கமெலியா சினென்சிஸ்' ஆக்கினார். அந்தப் பெயரே இன்று வழக்கில் உள்ளது.

ஒற்றுமையைக் கண்ணால் காண விரும்புகிறவர் கவாத்து வெட்டாமல் விட்ட வேலியோரச் செடியைப் பார்க்கலாம். வெள்ளை இதழ், நடுவில் மஞ்சள் கேசரக் கொத்து, தலைகவிழ்ந்த சிறு பூ. கொழுந்துக்காக ஓயாமல் கிள்ளப்படும் நிரையில் அந்தப் பூ அதிகம் தென்படாது.

கேமரன் மலையில்

மலைக்குப் பெயர் தந்த வில்லியம் கேமரன் 1885இல் நில அளவைக்கு வந்தவர். 1929இல் அங்கே 'போ' தேயிலைத் தோட்டம் தொடங்கியது. வடகோடியில் சிம்பாங் பூலாய் சாலையில் உள்ள கம்போங் ராஜாவில் தேயிலையோடு காய்கறித் தோட்டங்களும் உள்ளன.

சேகரிப்புகள் இன்று

கமேலின் படங்கள் பெல்ஜியத்தின் லூவன் நகரில் உள்ளன. மதராஸ் செடிகள் பெட்டிவருக்குப்பின் சேகரிப்பாளர் ஹான்ஸ் ஸ்லோன் கைக்கு மாறி, இன்று இலண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.