மழவரையர் மகளாரும் டென்மார்க்கு இளவரசியும்: அரசமாதாவின் அறப்பணி பற்றிய ஓர் ஆய்வு

கோவில்பதாகையிலிருந்து சில கல் தொலைவில், அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் இடையே அமைந்துள்ள வடதிருமுல்லைவாயில் மாசிலாமணீசுவரர் கோயிலைச் சுந்தரர் பதிகம் பெற்ற தலமென்றும், தொண்டைமான் தன் யானையைச் சுற்றிக்கொண்ட முல்லைக்கொடியை வெட்டிய புராண வரலாற்றுக்கு நிலைக்களமென்றும் இப்பகுதி மக்கள் தலைமுறை தலைமுறையாகப் போற்றி வருகின்றனர். ஆயினும் அக்கோயிலில் உள்ள உத்தம சோழரது 14-ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டைப் பற்றி அறிந்தவர் மிகச் சிலரே. அக்கோயிலுக்காகப் புழற்கோட்டத்து அம்பத்தூரில் நிலம் வாங்கி அளித்தவர் அரசரின் அன்னையாராகிய செம்பியன் மாதேவியார் என்பது அக்கல்வெட்டால் விளங்குகிறது. காவிரிக் கரையில் வாழ்ந்த ஓர் அரசமாதா, தம் இருப்பிடத்திலிருந்து பல நாட்பயணத் தொலைவிலுள்ள இச்சிற்றூர்ப் பகுதியில் நிலம் கொள்ள நேர்ந்த காரணம் யாது? கைம்மை எய்திய ஒரு சிவபக்தையின் தருமசிந்தை என்பதே இதுகாறும் பெரும்பாலோர் கூறிவரும் விடை. அவ்விடை பொய்யன்று, ஆனால் போதாது. அப்பெருமாட்டியாரின் அறச்செயல்கள் அரசியற்செயல்களாகவும் விளங்கின என்பதும், பக்தியையும் இராஜ்ய காரியத்தையும் இருவேறு பெட்டிகளில் இட்டுப் பூட்டும் நம் வழக்கமே அவரை நாம் முழுமையாக அறியவொட்டாமல் தடுத்தது என்பதும் இக்கட்டுரையாளன் கொண்ட முடிபாகும்.

இம்முடிபை விளக்குவதற்குக் காலத்தாலும் தேசத்தாலும் வெகுதூரம் விலகிய மற்றோர் அரசியின் சரித்திரத்தைத் துணைக்கொள்ள விரும்புகிறேன். தஞ்சை இரகுநாத நாயக்கரோடு 1620-இல் செய்துகொண்ட உடன்படிக்கையின்படி தரங்கம்பாடியைப் பெற்ற டென்மார்க்கு தேசத்தார் அதனை ஆங்கிலேயக் கம்பெனியாருக்கு 1845-இல் விற்றுவிட்டு அகன்றனர். அதற்கு இரண்டாண்டுகள் கழித்து, 1847 நவம்பர் 26-இல், கோபன்ஹேகன் நகரில் பிறந்தவர் டாக்மார் இளவரசியார். பெரிய செல்வமில்லாத குடும்பம் அவருடையது. தந்தையார் கிறிஸ்தியன் 1863-இல்தான் அரியணை ஏறினார். மறு ஆண்டே பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் கூடிப் போர் தொடுத்து, ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன் என்னும் பிரதேசங்களை டென்மார்க்கிடமிருந்து பறித்துக்கொண்டன. தோல்வியுற்ற அச்சிறு நாட்டின் அரசமகளை உருசிய முடியிளவரசர் நிக்கலாஸுக்கு மணம்பேசினர். அவரோ 1865 ஏப்ரலில் நீஸ் நகரில் நோய்ப்பட்டு இறந்தார். பின்னர் அவருடைய தம்பி அலெக்சாந்தரை 1866 நவம்பரில் மணந்து, கிழக்கத்திய கிறிஸ்தவ வைதிகத்தைத் தழுவி, மரியா பியோதரோவ்னா என்னும் புதுப்பெயர் பூண்டார் டாக்மார். மாமனாராகிய இரண்டாம் அலெக்சாந்தர் 1881-இல் வெடிகுண்டுக்கு இரையாகவே கணவர் பேரரசரானார். அடுத்த பதின்மூன்று ஆண்டுகள் கடந்ததும் அக்கணவரையும் இழந்தார்.

சிறிய குலத்தில் பிறந்து பெரிய குலத்தில் வாழ்க்கைப்படுதல், வந்த இடத்தின் சமயத்தையும் பெயரையும் தன்னுடையதாகக் கொள்ளுதல், பின்பு மகனது ஆட்சியில் அரசமாதாவாக நெடுங்காலம் விளங்குதல் என்னும் இந்நிலைகள் டாக்மாரின் வாழ்வில் தெளிவாகத் தெரிகின்றன. உருசிய அரசவை மரபின்படி, ஆளும் அரசரின் மனைவிக்கும் முன்னதாக அரசமாதாவே சபையில் நடந்துவரும் உரிமை பெற்றிருந்தார். அவர் பொறுப்பேற்றிருந்த, பேரரசி மரியா பெயரால் வழங்கிய தரும ஸ்தாபனங்கள் பள்ளிகளையும் அநாதை விடுதிகளையும் மருத்துவமனைகளையும் உள்ளடக்கிய தனியொரு நிருவாகத் துறையாகவே இயங்கின. செஞ்சிலுவைச் சங்கத்துக்கும் அவரே புரவலர். இவற்றைக் கருணைச் செயல்கள் என்று கூறுவதோடு ஐரோப்பிய ஆசிரியர்கள் நிறுத்திவிடுவதில்லை. அரசகுலத்துக்கும் மக்களுக்கும் இடையே அமைந்த பிணைப்பின் ஓர் இழையாக அவற்றைக் கருதுகின்றனர். நம் நாட்டு அரசமாதாவின் செயல்களை மட்டும் அவ்வாறு நோக்க நாம் ஏன் தயங்கவேண்டும்?

செம்பியன் மாதேவியாரின் கல்வெட்டுகளில் அவரைக் குறிக்கும் வாசகம் உற்றுநோக்கத் தக்கது. மழவரையர் மகளார் என்றும், கண்டராதித்த தேவர் தேவியார் என்றும், உத்தம சோழரைத் திருவயிறு வாய்த்த பிராட்டியார் என்றும் பிறந்த குடி, புகுந்த குடி, ஈன்ற மகன் என மூவழியாலும் அவர் தம்மை அறிமுகப்படுத்திக்கொள்கிறார். சோழர் மாமன்னர்களாக உயர்ந்துவரும் காலத்தில், மழநாட்டுச் சிற்றரசர் ஒருவரின் மகளென்னும் அடையாளத்தை அவர் மறைக்கவில்லை. கோயிற் சுவர்களில், எல்லோரும் படிக்கக்கூடிய இடத்தில், அதனையே முன்வைத்துப் பொறிக்கச் செய்தார். பராந்தகரது ஆட்சியில் 941-இல் அவருடைய பெயரை முதன்முதலாகக் காண்கிறோம். இராஜராஜரது ஆட்சியில் 1001 வரையிலும் அது தொடர்ந்து வருகிறது. ஏறத்தாழ அறுபது ஆண்டுகள்! கண்டராதித்தர், அரிஞ்சயர், சுந்தர சோழர், உத்தம சோழர், இராஜராஜர் என்று அரியணை கைமாறிக்கொண்டே இருந்த அவ்வறுபதாண்டில், மாறாமல் நின்ற பெயர் அது ஒன்றேயாகும். திருவிசைப்பாப் பாடிய சிவனடியாராகிய கணவர் ஏறத்தாழ 957-இல் மறைந்தபோது மகன் சிறு குழந்தை. ஆட்சியுரிமை கணவரின் தம்பி அரிஞ்சயருக்கும் அவர் வழியினருக்கும் சென்றது. அதிகாரம் வேறு கிளைக்குப் போன பின்னும் கௌரவம் குறையாமல் வாழ்ந்த அவ்வம்மையாரின் மதியூகத்தை நாம் எளிதாக எண்ணிவிடலாகாது.

இனித் திருமுல்லைவாயிலுக்கு வருவோம். கண்டராதித்தரின் தமையனார் இராஜாதித்தர் 949-இல் தக்கோலப் போரில் யானைமேல் இருந்தவாறே வீழ்ந்ததும், இராஷ்டிரகூட மன்னன் மூன்றாம் கிருஷ்ணன் தொண்டை மண்டலத்தைக் கைப்பற்றிக் கச்சியும் தஞ்சையும் கொண்டவன் என்று தன்னைப் புகழ்ந்துகொண்டதும் யாவரும் அறிந்ததே. அவனது ஆட்சியாண்டுகளைத் தாங்கிய கல்வெட்டுகள் இம்மண்டலத்தில் பல ஆண்டுகள் தொடர்ந்து காணப்படுகின்றன. அவ்வாறு பறிபோன நிலப்பகுதி சோழர் கைக்கு மீண்ட பின்னர், அதனை மீண்டும் சோழ நாட்டின் உறுப்பாக்கிக்கொள்ளும் பணி வாளினால் மட்டும் முடியக்கூடியதன்று. ஊர்ச் சபையாரோடு விலைபேசுதல், நிலத்துக்கு எல்லை குறித்தல், வரி நீக்குதல், கோயிலுக்கு நிவந்தம் அமைத்தல் ஆகிய சிறு சிறு காரியங்களால்தான் ஓர் அரசு மக்களின் வாழ்வில் வேரூன்றுகிறது. உத்தம சோழர் காலத்துச் சென்னை அருங்காட்சியகச் செப்பேடு, காஞ்சி ஊரகத்துத் திருமால் கோயிலின் நிருவாகத்தை எத்துணை நுணுக்கமாக ஒழுங்குசெய்கிறது என்பதைக் கண்டவர்கள், அதே ஆட்சியில், அதே மண்டலத்தில், அரசரின் அன்னையார் அம்பத்தூரில் நிலம் கொண்டதை ஒரு தற்செயலான பக்திச் செயலென்று தள்ளிவிட மாட்டார்கள். மகனது ஆணை காஞ்சியில் செப்பேட்டில் நடந்தது. அன்னையின் பெயர் புழற்கோட்டத்தில் கல்லில் நின்றது. இரண்டும் ஒரே காரியத்தின் இரு முகங்களே.

இங்கே ஓர் ஆட்சேபம் எழலாம். அம்மையாரின் திருப்பணிகளில் மிகப் பெரும்பாலானவை காவிரி நாட்டிலும் அதனை ஒட்டிய பகுதிகளிலும் நடந்தவை. தொண்டை நாட்டுக் கொடை ஒன்றிரண்டைக் கொண்டு அரசியல் நோக்கத்தைக் கற்பிப்பது மிகையல்லவா? ஆட்சேபம் நேர்மையானதே. ஆனால் அந்தக் காவிரி நாட்டுத் திருப்பணிகளே என் கருத்தை மேலும் வலியுறுத்துகின்றன. திருக்கோடிகாவில் பழைய கோயிலைக் கற்றளியாகப் புதுக்கியபோது, அங்கே சிதறிக் கிடந்த பழங்கல்வெட்டுகளை அம்மையார் வீணாக விடவில்லை. பல்லவர் காலம் முதலாக வந்த சாசனங்களைப் படியெடுத்து, புதிய சுவர்களில் மீண்டும் பொறிக்கச் செய்தார். அவற்றுள் சிலவற்றில், இது பழைய கல்லின் படி என்ற குறிப்பும் உண்டு. தம் குலத்தார் அல்லாத பல்லவ மன்னர்களின் கொடையையும், சாதாரண மக்களின் விளக்குத் தருமத்தையும் அழியவிடாமல் காத்த இச்செயலைப் பக்தி என்ற ஒரு சொல்லால் மட்டும் விளக்கிவிட முடியுமா? பிறர் உரிமையைப் பேணுவதே தன் அதிகாரத்துக்கு நீதி தேடுவதாகும் என்பதை உணர்ந்த ஆட்சியறிவு அது. இன்று திருப்பணி என்ற பெயரால் கல்வெட்டுகளின் மேல் சுண்ணம் பூசுவோரும், மணல்வீச்சால் எழுத்தைத் தேய்ப்போரும், ஆயிரமாண்டுக்கு முன் வாழ்ந்த அப்பெருமாட்டியிடம் பாடம் கேட்கவேண்டும்.

கோனேரிராஜபுரம் என வழங்கும் திருநல்லத்தில் இன்னும் அரியதோர் காட்சி உண்டு. அங்கே கணவர் பெயரால் கற்றளி எடுப்பித்த அம்மையார், கண்டராதித்தர் சிவலிங்கத்தை வழிபடும் கோலத்தைச் சிற்பமாக வடிக்கச் செய்து, அதனை இன்னதென்று விளக்கும் எழுத்தையும் அதன் கீழே பொறிக்கச் செய்தார். அரசரது வாகை மாலையோ வாளோ அதில் இல்லை; அமர்ந்து வழிபடும் அடியார் ஒருவரே இருக்கிறார். அதே கோயிலில், திருப்பணியை நடத்திமுடித்த ஆலத்தூருடையான் சாத்தன் குணபத்தனாகிய அரசரண சேகரனுக்கும் ஓர் உருவம் அமைந்துள்ளது. அவருக்கு இராசகேசரி மூவேந்தவேளான் என்ற பட்டமும் கிடைத்தது. குறுகிய காலமே ஆண்ட கணவரைப் பிற்காலத்தார் நினைவில் நிறுத்துதலும், உழைத்தவரைப் பெயர் சொல்லிப் பாராட்டுதலும் ஒரே கல்வரிசையில் நிகழ்வது என் உள்ளத்தை எப்போதும் கவர்ந்து வந்துள்ளது.

உத்தம சோழர் அரியணை ஏறிய வரலாறு சர்ச்சைக்குரியது. ஆதித்த கரிகாலர் கொலையுண்டதையும் அதன்பின் உத்தமர் முடிசூடியதையும் இணைத்து நீலகண்ட சாஸ்திரியார் ஐயமெழுப்பினார். சதாசிவ பண்டாரத்தார் அவ்வையத்தை மறுத்தார். உடையார்குடிக் கல்வெட்டில் குற்றவாளிகளின் உடைமை பறிமுதல் செய்யப்பட்ட செய்தி இராஜராஜரது 2-ஆம் ஆட்சியாண்டில் வருவது, அதற்கு முன்னைய ஆட்சியில் நடவடிக்கை ஏதும் இல்லை என்பதை நிறுவாது. கொலையில் உத்தமருக்குப் பங்கு இருந்திருப்பின், கொலையுண்டவரின் தம்பியாகிய இராஜராஜர் உத்தமரின் அன்னையாரை இறுதிவரை அத்தகைய மதிப்போடு வைத்திருப்பாரா என்ற கேள்வியே எனக்கு வலுவானதாகத் தோன்றுகிறது.

டாக்மாரின் பிற்கால வாழ்வு இதற்கு நேர்மாறாகச் சென்றது. 1915-இல் சேனைத் தலைமையைத் தாமே ஏற்கவேண்டாமென்று மகன் நிக்கலாஸைத் தடுத்தார், அவர் கேட்கவில்லை. 1917-இல் மகன் முடிதுறந்த செய்தி கேட்டு மொகிலேவ் நகருக்கு விரைந்து சென்று அவரைக் கண்டார். தாயும் மகனும் சந்தித்தது அதுவே கடைசி முறை. 1919 ஏப்ரலில் ஆங்கிலப் போர்க்கப்பலொன்று கிரிமியாவிலிருந்து அவரை மீட்டுச் சென்றது. 1928-இல் பிறந்த நாட்டிலேயே உயிர்நீத்தார். அறப்பணிகளின் வாயிலாக அவர் பெற்றிருந்த மதிப்பு அரசைக் காக்கவில்லை. ஏனெனில் அங்கே அரசமாதாவின் சொல்லுக்கு ஆட்சியில் இடமில்லாமற் போயிற்று. சோழ நாட்டில் நிலைமை வேறு. அங்கே அரசமாதாவின் அறம் ஊர்ச்சபைகளோடும் கோயில் நிருவாகத்தோடும் நேரடியாகப் பிணைந்திருந்தது. எனவே அரசர் மாறினாலும் அது நிலைத்தது. டாக்மாரின் நாட்குறிப்பும் கடிதங்களும் அவரது உள்ளத்தை நமக்குக் காட்டுகின்றன; செம்பியன் மாதேவியாரின் கல்வெட்டுகளோ அவர் ஊராரிடம் எவ்வாறு அறியப்பட விரும்பினார் என்பதையே காட்டுகின்றன. இவ்வேற்றுமையை மறவாமல்தான் இருவரையும் ஒப்பிட வேண்டும்.

நாகப்பட்டினம் பகுதியில் அவர் பெயராலேயே அமைந்த செம்பியன் மாதேவி என்னும் ஊரில், அவர் பிறந்த சித்திரைக் கேட்டை நாளில் சிறப்பு விழா நடத்த உத்தம சோழரின் தேவியர் நிவந்தம் அளித்தனர். அவர் மறைந்து பல்லாண்டு கழித்து, ஏறத்தாழ 1019-இல், கங்கைக்குப் படையெடுத்தவரும் அவருக்குக் கொள்ளுப்பேரன் முறையினருமான இராஜேந்திரர் அதே ஊர்க் கோயிலில் அவருடைய திருவுருவத்தை எழுந்தருளுவித்து வழிபாட்டுக்கு வகைசெய்தார். தம் நேர்வழி முன்னோர் அல்லாத, மற்றொரு கிளையின் அரசமாதாவுக்கு ஒரு சக்கரவர்த்தி இம்மரியாதையைச் செய்தது, அக்குடும்பம் அவரைத் தன் ஆட்சியின் ஆதாரங்களுள் ஒருவராகவே கருதியது என்பதற்குச் சான்றாகும்; புழற்கோட்டத்து நிலக்கொடையையும் அச்சான்றோடு சேர்த்தே படிக்கவேண்டும்.