வெண்மார்பும் சாதுத்தன்மையும்: நரம்பு முகட்டுக் கருதுகோள் மீது ஒரு மறுபார்வை

கருவில் நரம்புக் குழாய் மூடும் வேளையில் அதன் மேல்விளிம்பிலிருந்து பிரிந்து செல்லும் நரம்பு முகட்டு உயிரணுக்களே தோலின் நிறமி உயிரணுக்களுக்கும் முகக் குருத்தெலும்புக்கும் அட்ரினல் சுரப்பியின் உட்பகுதிக்கும் மூலம். இந்தப் பொது மூலத்தைக் கொண்டு 2014இல் ஒரு கருதுகோள் முன்வைக்கப்பட்டது. சாதுவான விலங்குகளைத் தேர்ந்த மனிதர், தம்மையறியாமல் இவ்வுயிரணுக்கள் குறைந்தவற்றைத் தேர்ந்தனர். வெண்புள்ளி, தொங்கு காது, குறுகிய முகம், அச்சக்குறைவு எல்லாம் அக்குறையின் விளைவுகளே என்பது அதன் சாரம்.

பகாங் மாநிலத்துக் கேமரன் மலையின் தேயிலைத் தோட்டங்களில் தொழிலாளர் குடியிருப்புகளான லயங்களைச் சுற்றித் திரியும் நாட்டு நாய்கள் இதற்குச் சான்று போலவே தோன்றும். மார்பில் ஒரு வெள்ளைக் கீற்று, கால்விரல்களில் வெண்மை, வால்நுனியில் ஒரு குஞ்சம். முதுகுப்புறத்திலிருந்து புறப்படும் உயிரணுக்கள் கடைசியாக வந்து சேரும் இடங்கள் இவையே. வாதம் கவர்ச்சியானது, ஆனால் அதன் முதன்மைச் சான்று தளர்வானது.

அச்சான்று, 1959இல் தொடங்கி நோவோசிபிர்ஸ்கில் தொடரும் வெள்ளி நரிச் சோதனை. சாதுத்தன்மைக்காக மட்டுமே தேர்ந்த நரிகளில் நெற்றியில் வெண்புள்ளி தோன்றியது என்பது வழக்கமான வாசிப்பு. அந்நரிகளோ காட்டிலிருந்து பிடித்தவை அல்ல. கனடாவின் பிரின்ஸ் எட்வர்ட் தீவில் 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து மென்மயிருக்காக வளர்க்கப்பட்டவற்றின் வழிவந்தவை. அங்கேயே வெண்புள்ளி நரிகள் இருந்தன. 2020இல் வெளியான மதிப்பாய்வு இதை விரிவாகக் காட்டியது. சோதனைக்கு முன்பே இருந்த ஒன்றைச் சோதனையின் விளைவு என்று எப்படிக் கொள்வது? அட்ரினல் பற்றிய வாதமும் இதைவிட உறுதியானதல்ல. சாது நரிகளில் குறைந்ததாகப் பெரிதும் பேசப்படுவது கார்டிசால். அதைச் சுரப்பது சுரப்பியின் புறப்பகுதி. அது நடுப்படலத்திலிருந்து வருவது, நரம்பு முகட்டிலிருந்து அல்ல. உட்பகுதி குறைந்தால் புறப்பகுதியின் சுரப்பும் குறையலாம் எனலாம். ஆனால் அது இன்னொரு கருதுகோள், சான்று அன்று.

வெண்புள்ளியின் தோற்றமும், உயிரணுக்கள் கடைசி இடங்களை வந்து சேரவில்லை என்ற ‘எட்டாத பயண’ எளிய கதையில் அடங்கவில்லை. கிட் மரபணு பழுதான எலிக் கருக்களில் நிறமி முன்னோடி உயிரணுக்கள் மெதுவாக நகரவில்லை. பெருகுவதுதான் குறைந்தது என 2016இல் வெளியான ஆய்வு காட்டியது. நாய்களின் வெண்திட்டோடு தொடர்புடைய எம்ஐடிஎப் மரபணுவும் முதன்மையாக நிறமி உயிரணுவின் வளர்ச்சியை இயக்குவது. நிறமி வழியில் மட்டும் நேரும் தடங்கல் வெண்மார்புக்குப் போதும். தாடையும் அட்ரினலும் அதில் சிக்க வேண்டியதில்லை.

ஈரோடு மாவட்டத்துப் பர்கூர் மலை மாடு இங்கே நல்ல எதிர்ச்சான்று. செம்பழுப்பு உடலில் வெள்ளைத் திட்டுகள் கொண்ட, செம்மறை எனப்படும் இம்மாடு காட்டுப் பட்டிகளில் வளர்வது. முரட்டுத்தனத்துக்கும் ஆளைக் கண்டால் ஒதுங்குவதற்கும் பேர்போனது, பழக்குவது கடினம். சமவெளியில் ஏருக்கும் வண்டிக்கும் பழகிய காங்கேயம் மாட்டிலோ பெரும்பாலும் திட்டே இல்லை. வெண்மை சாதுத்தன்மையின் முத்திரை என்றால் இவ்விரண்டும் இடம் மாறியிருக்க வேண்டும். திட்டை அழகுக்காக வளர்ப்போர் தேர்ந்திருக்கலாமே என்ற ஆட்சேபம் கருதுகோளைக் காப்பதில்லை. அழகுக்காகத் தேர்வது தனி வழி என்றால், லயத்து நாயின் மார்புக்கும் அதே வழி திறந்திருக்கிறது.

நரம்பு முகடு வளர்ப்பு விலங்குகளில் எந்தப் பங்கும் வகிக்கவில்லை என்பது இதன் பொருளல்ல. பண்புகள் ஒரே குறையால் ஒன்றாக வருகின்றன என்ற கூற்றே இங்கு மறுக்கப்படுகிறது. அதைச் சோதிக்கத் தொலைவு போக வேண்டியதில்லை. ஒரே ஈற்றில் வெண்மார்புக் குட்டியும் வெண்மையில்லாக் குட்டியும் பிறக்கும் இடங்களில், வளர்ந்தபின் இரண்டின் தாடை நீளத்தையும் புதியவரிடம் காட்டும் அச்சத்தையும் அளந்தால் போதும். கருதுகோள் சரியென்றால், வெண்மார்புக் குட்டியின் தாடை குறுகியும் அச்சம் குறைந்தும் இருந்தாக வேண்டும்.