தமயந்தியின் சேலை

திருவனந்தபுரத்து அருங்காட்சியக வளாகத்தில் 1935ஆம் ஆண்டு ஸ்ரீ சித்திரா ஓவியக்கூடம் நிறுவப்பெற்றது. கிளிமானூரில் பிறந்த இரவிவர்மா தீட்டிய ‘அன்னமும் தமயந்தியும்’ என்னும் ஓவியம் அதன் செல்வங்களுள் ஒன்று. 2023இல் அதே வளாகத்தில் அவர் படைப்புகளுக்கெனத் தனிக்கூடமும் திறக்கப்பெற்றது. தமிழகத்தைவிட்டு நெடுந்தொலைவில் வாழும் நேயர்கள் அவ்வோவியத்தை நேரில் காணாவிடினும், அதன் அச்சுப்படியை எங்கேனும் ஒரு வீட்டுச் சுவரில் கண்டிருத்தல் கூடும்.

அதில் தமயந்தி சேலை உடுத்தி நிற்கிறாள். விதர்ப்ப நாட்டு இளவரசி அன்று இப்படித்தான் உடுத்தினாளா? இவ்வினா ஓவியருக்கும் எழாமல் இல்லை. 1888ஆம் ஆண்டளவில் பரோடா மன்னருக்குப் பதினான்கு புராண ஓவியங்கள் தீட்டும் பணியை ஏற்றபோது, அவர் தம் தம்பி இராஜராஜ வர்மாவுடன் வடநாடெங்கும் சுற்றிப் பண்டைய உடையைத் தேடினார். நாடு முழுமைக்கும் பொதுவானதாக ஒன்றும் கிட்டவில்லை. ஆகவே தம் காலத்துச் சேலையையே காவிய மகளிர்க்கு உடுத்தினார். மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட எனக்கு இதில் குறைகாண மனம் வரவில்லை. மூலத்தில் விளங்காத சொல்லுக்கு நாங்களும் வழக்கிலுள்ள சொல்லையே இடுகிறோம். ஆனால் 1894இல் பம்பாயில் அவர் தொடங்கிய அச்சுக்கூடம் அப்படங்களை வீடுதோறும் சேர்த்துவிட்டது. கற்பனை நினைவாயிற்று. நம் குழந்தைகள் பழங்காலமே இவ்வாறுதான் இருந்தது என்று நம்பி வளர்கின்றனர்.

அதே ஓவியர், 1880இல் சென்னை ஆளுநர் பக்கிங்காம் பிரபு திருவனந்தபுரம் வந்தபோது ஆயில்யம் திருநாள் மகாராஜாவும் அவர் இளவல் விசாகம் திருநாளும் வரவேற்ற காட்சியையும் தீட்டியுள்ளார். அது அவர் வாழ்ந்த காலத்து நிகழ்ச்சி. வரலாற்று மாணவன் அதை ஆவணமாகக் கொள்ளலாம். தமயந்தியும் ஆவணமே, ஆனால் நளன் காலத்துக்கு அன்று, பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதிக்கு.

தம் காலத்தைத் தாமே காட்டும் பழைய ஓவியங்களைத் தேடுவோர் தஞ்சைக்குச் செல்லலாம். 1931இல் பெரிய கோயிலின் கருவறைச் சுற்றுப்பாதையில், நாயக்கர் காலப் பூச்சு உதிர்ந்த இடத்தில், அடியிலிருந்த சோழர் ஓவியங்களை எஸ். கே. கோவிந்தசாமி கண்டறிந்தார். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முற்பட்ட அவ்வாடல் மகளிர் மேனியில் அணிகலன்களே மிகுதி. துணி மிகக் குறைவு. தமயந்தியின் முந்தானையை அங்கே தேடினால் கிடைக்காது. பின்னாளில் தொல்லியல் துறையினர் மேலிருந்த நாயக்கர் ஓவியங்களையும் அழிய விடாமல், பல பகுதிகளைப் பக்குவமாகப் பெயர்த்தெடுத்துத் தனிப் பலகைகளில் பதித்து வைத்துள்ளனர்.