வீட்டை அடமானம் வச்ச நடிகர்

"வீட்டைக் கட்டிப் பார், கல்யாணத்தைப் பண்ணிப் பார்"னு பெரியவங்க சொல்லி வச்சாங்க. கட்டின வீட்டை அடமானம் வச்சு, கட்டின மனைவியை ஹீரோயினா போட்டு படம் எடுத்துப் பார்னு யாரும் சொல்லலை. ஆனா செஞ்சு பார்த்தவர் ஒருத்தர் அமெரிக்காவில் இருந்தார். பெயர் ஜான் கசாவெட்டிஸ்.

'ரோஸ்மேரீஸ் பேபி' (1968) பார்த்தவங்களுக்கு முகம் ஞாபகம் இருக்கும். சான்ஸுக்காக பொண்டாட்டியையே சாத்தானுக்கு வித்துடற நடிகனா வருவாரே, அவரேதான். எனக்கும் ரொம்ப நாள் அவ்ளோதான் தெரியும்.

கதை 1957-ல் ஆரம்பிக்குது. நியூயார்க்கில் நடிப்புப் பட்டறை நடத்திக்கொண்டிருந்தவர், ஜீன் ஷெப்பர்டின் ரேடியோ நிகழ்ச்சிக்குப் போய், சாதாரண மனுஷங்களைப் பத்தி படம் வேணும்னா காசு அனுப்புங்கன்னு கேட்டுட்டார். நேயர்கள் அனுப்பினது சுமார் 2,000 டாலர். 16 எம்.எம். கேமராவில் 'ஷேடோஸ்' இப்படித்தான் பிறந்தது. 1958-ல் போட்டுக் காட்டினப்ப கூட்டம் ரசிக்கலை. மனுஷன் அசரலையே! பெரும்பகுதியைத் திரும்ப எடுத்து 1959-ல் முடித்தார்.

அடுத்து 'ஃபேஸஸ்'. 1965-ல் தன் வீட்டிலும் மாமியார் வீட்டிலும் ஷூட்டிங். எடிட்டிங் இழுத்துக்கிட்டே போய் 1968-லதான் ரிலீஸ். அதுவரைக்கும் காசு? அதுக்குத்தான் 'தி டர்ட்டி டஜன்' (1967), சாத்தான் படம் எல்லாம். கேமராவுக்கு முன்னாடி நின்னு வாங்கின சம்பளம், பின்னாடி நின்னப்ப கரைஞ்சுது.

மத்தவங்களும் அங்கே ரெண்டு பக்கமும்தான். 'ஷேடோஸ்'ல தயாரிப்பு வேலை பார்த்த சீமோர் கேஸல், 'ஃபேஸஸ்'ல நடித்து ஆஸ்கர் பரிந்துரை வாங்கினார். செக்ரட்டரியா இருந்த லின் கார்லினுக்கும் அதே படத்தில் ஒரு பரிந்துரை.

1974-ல் 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளுயன்ஸ்'. வீட்டை அடமானம் வச்சது இதுக்குத்தான். கூட நடிச்ச 'கொலம்போ' பீட்டர் ஃபாக்கும் சொந்தப் பணத்தைப் போட்டார். மனைவி ஜீனா ரோலண்ட்ஸ் நாயகி. அம்மாவும் மாமியாரும்கூட நடிச்சாங்க. எடுத்த படத்தை வாங்க ஆளில்லை. தியேட்டர் தியேட்டரா போன் போட்டு அவங்களே ஓட்டினாங்க. ஜீனாவுக்கு நடிப்புக்கும், இவருக்கு இயக்கத்துக்கும் ஆஸ்கர் பரிந்துரை வந்தது. ரெண்டும் கிடைக்கலை.

நடிப்பு ('டர்ட்டி டஜன்'), திரைக்கதை ('ஃபேஸஸ்'), இயக்கம்னு மூணுக்கும் பரிந்துரை வாங்கி ஒண்ணுகூட ஜெயிக்காமல், 1989-ல் 59 வயதில் போய்ச் சேர்ந்துட்டார்.

ரெண்டு பக்கமும் வேலை செஞ்சார்னா பெரிய சகலகலாவல்லவன்னு நினைச்சுக்கறோம். எனக்கென்னவோ பகல்ல ஆபீஸ் போய் சம்பாதிச்சு, ராத்திரி கண்ணு முழிச்சு எழுதற நம்ம ஆளுங்க மாதிரிதான் தெரியறார். ஒரே வித்தியாசம், நாம தூக்கத்தைத்தான் அடமானம் வைக்கிறோம். அவர் வச்சது வீட்டை. அது ஜீனாவோட வீடும்தானே? அந்தப் படத்தைப் பத்தி நினைக்கறப்பல்லாம் இந்தக் கேள்விதான் முதல்ல வருது.

இதையெல்லாம் எங்க வீட்டம்மாகிட்ட சொல்லி, "நாமளும் ஒரு படம்..."னு இழுத்தேன். ஒரு முறை முறைச்சாங்க பாருங்க! பத்திரம் இப்போ மாமனார் வீட்டு பீரோவில் பத்திரமா இருக்கு :-)